துரைக்கு முன் இறங்காத சைக்கிள்: பந்திங்–ஜுக்ரா சாலையின் வரலாறு

சிலாங்கூர் மாநிலத்தின் கோல லங்காட் மாவட்டத்தில், பந்திங் பட்டணத்திலிருந்து மேற்கே ஜுக்ராவுக்கும் பண்டார் கிராமத்துக்கும் போகிற சாலையின் நீளம் ஏறத்தாழப் பத்துக் கிலோமீட்டர். அகலம் எதிரெதிராக இரண்டு வண்டிகள் போகும் அளவு. இருபுறமும் மலாய்க் கம்பங்களின் (கிராமங்களின்) தென்னையும் வாழையும், அவற்றுக்குப் பின்னால் செம்பனை. சமதரையில் தனித்து நிற்கும் ஜுக்ரா குன்றை நெருங்கும்போதுதான் கண்ணுக்கு ஓர் ஏற்றம் தட்டுப்படும். வார இறுதிகளில் கோலாலம்பூரிலிருந்து வருகிறவர்கள் குன்றின் மேலிருந்து பாராகிளைடரில் பறக்கிறார்கள். கீழே பழைய அரண்மனையைப் படம் பிடிக்கிறார்கள். சிலர் அப்படியே தெற்கே மொரிப் கடற்கரைக்கும் போய்வருகிறார்கள்.

சாலை வரலாறு எழுதுகிறவர்கள் வழக்கமாக மூன்று கேள்விகள் கேட்பார்கள்: எப்போது போட்டார்கள், யார் போட்டார்கள், என்ன செலவு? பந்திங் வட்டாரச் சாலைகளுக்கு நான்காவது கேள்வி ஒன்றும் வேண்டும்: அந்தச் சாலையில் யார், எப்படிப் போக முடிந்தது? இதைக் கேட்டால்தான் அரண்மனைக் கதையும் தோட்டக் கதையும் ஒரே பாதையில் வந்து சேரும். கேட்காவிட்டால், இன்று சுற்றுலாப் பலகைகளில் இருப்பதுபோல, சுல்தான்களும் வெள்ளை அதிகாரிகளும் மட்டுமே இந்தப் பக்கம் வந்துபோனதாகத் தோன்றும்.

ஆறே சாலையாக இருந்த காலம்

1857இல் அரியணை ஏறிய சுல்தான் அப்துல் சமாட் லங்காட் ஆற்றங்கரையை இருப்பிடமாகக் கொண்டார். 1870களின் நடுப்பகுதி முதல் ஜுக்ரா அவருடைய அரச நகரம். சாலை இல்லாத இடத்தில் தலைநகரம் எப்படி அமையும் என்று இன்று தோன்றலாம். அன்று வரி, வாணிபம், படை மூன்றும் நீர்வழியாகவே நகர்ந்தன. ஆற்று முகத்தைப் பிடித்தவர் உள்நாட்டையே பிடித்தவர்.

அந்த ஆற்று முகமே ஆங்கிலேயர் தலையீட்டுக்கும் வாசலானது. 1873 நவம்பரில் ஜுக்ரா ஆற்றுமுகத்துக்கு அருகே மலாக்காவைச் சேர்ந்த வணிகப் படகு ஒன்று கொள்ளையடிக்கப்பட்டு, அதிலிருந்தவர்கள் கொல்லப்பட்டனர். 1874 பிப்ரவரியில் நீரிணைக் குடியேற்றங்களின் ஆளுநர் சர் ஆண்ட்ரூ கிளார்க் போர்க்கப்பல்களோடு லங்காட்டுக்கு வந்தார். குற்றம் சாட்டப்பட்டவர்கள் அங்கேயே விசாரிக்கப்பட்டுத் தண்டிக்கப்பட்டனர். அதே ஆண்டில் பிராங்க் சுவெட்டன்ஹாம் சுல்தானுக்கு அருகிலேயே தங்க அனுப்பப்பட்டார். சிலாங்கூரில் ஆங்கிலேய ஆட்சி இப்படித்தான் ஆற்றுவழியாக வந்து கரையேறியது.

அந்நாளில் இங்கு வந்த இரண்டு ஆங்கிலப் பெண்களின் எழுத்து நமக்கு உதவுகிறது. 1879இல் இசபெல்லா பேர்ட் அரசின் நீராவிக் கப்பலில் வந்து சுல்தானைப் பார்த்துத் திரும்பினார். எமிலி இன்ஸ் வந்துபோனவர் அல்லர், குடியிருந்தவர். அவருடைய கணவர் ஜேம்ஸ் இன்ஸ் 1876 முதல் லங்காட்டில் வரித்தண்டலாளராகவும் மாஜிஸ்திரேட்டாகவும் இருந்தார். 1885இல் எமிலி வெளியிட்ட நூல், பேர்ட் தீட்டிய பொன்முலாம் பூசிய சித்திரத்துக்கு நேர் மறுப்பு. படகு வந்தால் உணவும் கடிதமும் வரும், வராவிட்டால் சேறும் கொசுவும்தான் என்ற வாழ்க்கையை அதில் காணலாம். பயணிக்கு அழகாகத் தெரிந்த ஆறு, அங்கேயே இருந்தவருக்கு அடைத்த கதவாக இருந்தது.

1880இல் சிலாங்கூரின் நிர்வாகம் கிள்ளானிலிருந்து கோலாலம்பூருக்கு மாறியது. ஈயம் உள்நாட்டில் கிடைத்தது. ரயில் ஈயத்தைத் தேடிப் போனது. பணம் ரயிலைத் தேடிப் போனது. லங்காட் ஆற்றின் கீழ்ப்பகுதிக்கு ரயில் வரவே இல்லை. சுல்தான் அப்துல் சமாட் 1898இல் மறையும்போது ஜுக்ரா ஏற்கெனவே ஓரங்கட்டப்பட்ட ஊராகிவிட்டிருந்தது. அவருக்குப் பின் வந்த சுல்தான் அலாவுதீன் சுலைமான் ஷா 1905இல் இங்கே இஸ்தானா பண்டார் என்ற அரண்மனையைக் கட்டி முடித்தார். அதன் அருகே மஞ்சள் வண்ணப் பள்ளிவாசலும் எழுந்தது. ஆனாலும் அரசின் அன்றாடப் போக்குவரத்து கிள்ளானை நோக்கித் திரும்பிவிட்டது. ஜுக்ரா குன்றில் அப்துல் சமாட்டின் அடக்கத்தலமும், அடிவாரத்தில் பழைய சிறைக்கட்டடமும் அந்தக் காலத்தின் சாட்சிகளாக நிற்கின்றன.

வாய்க்கால் வெட்டிய மண் சாலையாயிற்று

ரயில் வராத மாவட்டத்தைச் சாலையோடு இணைத்தது தோட்டத் தொழில். முதலில் லைபீரியக் காப்பி. 1890களின் இறுதியில் காப்பி விலை சரிந்ததும் ரப்பர். ஆற்று முகத்தில் இருக்கும் கேரித் தீவுக்கே எட்வர்ட் வாலண்டைன் கேரி என்ற தோட்டத் துரையின் பெயர்தான் வைக்கப்பட்டது. மா மெரி பூர்வகுடியினர் அதற்கு முன்பிருந்தே அங்கே வாழ்கிறார்கள். 1910ஆம் ஆண்டு ரப்பர் விலை உச்சத்துக்குப் போனபோது கிள்ளானிலிருந்து மொரிப் வரை கடலோரச் சதுப்பு முழுக்கத் தோட்டமாக மாறிக்கொண்டிருந்தது.

இந்த மண்ணில் சாலை போடுவது எப்படிப்பட்ட வேலை என்பதைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். கடலோரம் களிமண், உள்ளே போகப் போகக் கரிச்சதுப்பு. இடையிடையே, கடல் பின்வாங்கியபோது விட்டுச்சென்ற மணல்மேடுகள் நீளமாகக் கிடக்கும். மழைக்காலத்திலும் காலில் ஈரம் படாத இடம் அதுதான். ஆதலால் பெர்மாத்தாங் பாசிர் போன்ற பழைய கம்பங்கள் மணல்மேட்டின் மேல் வரிசையாக அமைந்தன. நடைபாதையும் அந்த மேட்டின் வளைவைப் பின்பற்றியே போனது. கம்பத்துச் சாலை வளைந்து போவதற்கும் தோட்டச் சாலை கோடு கிழித்தாற்போல் நேராகப் போவதற்கும் காரணம் இதுவே. ஒன்று நிலம் காட்டிய வழி. மற்றொன்று நில அளவையாளர் வரைந்த வழி.

தோட்டத்தில் முதல் வேலை தண்ணீரை வெளியேற்றுவது. நேர்கோட்டில் வாய்க்கால் வெட்டுவார்கள். வெட்டிய மண்ணை ஒருபக்கமாக வாரிக் கொட்டி மிதித்து இறுக்குவார்கள். வாய்க்கால் ஆழமாக ஆக, பக்கத்திலிருக்கும் வரப்பு உயரும். அந்த வரப்பு காய்ந்ததும் அதுவே பாதை. அதன் மேல் செம்மண் சரளை கொட்டினால் வண்டிப் பாதை. கருங்கல் ஜல்லியும் தாரும் சேர்ந்தால் சடக்கு. கடல்நீர் உள்ளே வராமல் தடுக்கக் கரை எழுப்பி, கடல் ஏறும் நேரத்தில் மூடவும் வற்றும் நேரத்தில் திறக்கவும் மதகுகள் வைத்தார்கள். கேரித் தீவின் பல பகுதிகள் இன்றும் அந்தக் கரைகளை நம்பித்தான் இருக்கின்றன.

மண்வெட்டி பிடித்த கைகள் பலருடையவை. கம்பங்களின் பக்கம் ஜாவாவிலிருந்து வந்து குடியேறியவர்கள் தங்கள் தோப்புகளுக்குப் பரிட் (வாய்க்கால்) வெட்டினார்கள். பந்திங் பட்டணத்தின் கடைகளைச் சீனர்கள் எழுப்பினார்கள். தோட்டங்களிலும், அரசின் பொதுப்பணித் துறையிலும் உழைத்தவர்களில் மிகப் பெரும்பாலோர் தென்னிந்தியர், அவர்களில் பெரும்பகுதி தமிழர். மலாய் நாடுகளில் ஒப்பந்தக் கூலிமுறை 1910இல் முடிவுக்கு வந்தது. அதற்கு முன்பே, 1907இல், முதலாளிமார் செலுத்தும் தொகையைக் கொண்டு தமிழ்க் குடிபெயர்வு நிதி அமைக்கப்பட்டு, கங்காணிகள் தங்கள் ஊரிலிருந்து ஆள் திரட்டி வரும் ஏற்பாடு பெருகியது. நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறியவர்கள் கடைசியில் வந்து இறங்கியது தோட்டத்து லயத்தில். 1938இல் இந்திய அரசு இந்தக் குடிபெயர்வுக்குத் தடை விதிக்கும் வரை இந்த வரத்து தொடர்ந்தது.

கரிச்சதுப்பின் மேல் போட்ட சாலையை ஒருமுறை போட்டால் போதாது. தண்ணீர் வடிந்த கரிமண் காற்றுப் பட்டுச் சிதைந்து சுருங்கும். முதல் சில ஆண்டுகளில் வேகமாகவும், பின்னர் ஆண்டுக்குச் சில சென்டிமீட்டராகவும் நிலம் தாழ்ந்துகொண்டே போகும். சாலையின் ஓரம் வாய்க்கால் பக்கம் சரியும், நடுவில் அலையலையாக மேடுபள்ளம் விழும், மின்கம்பங்கள் சாயும். அதனால் இந்த வட்டாரத்துச் சாலைகள் தலைமுறை தலைமுறையாகச் செம்மண் கொட்டி, கல் பரப்பி, மறுபடி மறுபடி உயர்த்தப்பட்டவை. மண்டோர் என்ற மேற்பார்வையாளர் பின்னால் மண்வெட்டியோடு நடந்த பொதுப்பணிக் கூலிகளின் உழைப்பு அந்த அடுக்குகளுக்குள் கிடக்கிறது.

சைக்கிளும் தோட்டத்து வாயிலும்

சாலை போட்டவர்களுக்கு அதில் தலைநிமிர்ந்து போகும் உரிமை இருந்ததா? இதற்கு விடை 1941இல் கிடைக்கிறது.

அவ்வாண்டு தொடக்கத்தில் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் வேலைநிறுத்தங்கள் தொடங்கின. கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கம் அவற்றுக்குத் தலைமை தந்தது. அதன் முன்னணியில் இருந்தவர் ஆர்.எச். நாதன், தமிழ் நேசன் இதழில் பணியாற்றியவர். ஐரோப்பாவில் போர் நடந்துகொண்டிருந்தது. ரப்பருக்குத் தேவை ஏறியிருந்தது. கம்பெனிகளின் வருமானமும் ஏறியிருந்தது. கூலி மட்டும் அதற்கு ஈடாக ஏறவில்லை. சீனத் தொழிலாளருக்குக் கிடைக்கும் கூலி தங்களுக்கும் வேண்டும் என்பது முதன்மையான கோரிக்கை. கள்ளுக்கடையை மூட வேண்டும், பிள்ளைகளுக்கு முறையான கல்வி வேண்டும், பெண்களிடம் முறைகேடாக நடப்பது நிற்க வேண்டும், கொடுமை செய்யும் கிராணிகளை (தோட்டக் கணக்கர்களை) நீக்க வேண்டும் என்றும் கேட்டார்கள்.

அந்தப் பட்டியலில் சாலையைப் பற்றிய இரண்டு கோரிக்கைகள் இருக்கின்றன. முதலாவது, துரையோ தோட்டத்து அலுவலரோ எதிரே வரும்போது தொழிலாளி சைக்கிளை விட்டு இறங்கி நிற்க வேண்டும் என்ற வழக்கத்தை ஒழிக்க வேண்டும். இரண்டாவது, உறவினரும் நண்பரும் தோட்டத்துக்குள் தடையின்றி வந்துபோக வேண்டும்.

முதல் கோரிக்கையைக் கண்முன் நிறுத்திப் பார்க்கலாம். பலநாள் கூலியை மிச்சம் பிடித்து வாங்கிய சைக்கிள். வரப்பின் மேல் போட்ட செம்மண் பாதை. ஒருபக்கம் வாய்க்கால், மறுபக்கம் பால்மரங்கள். எதிரே துரையின் மோட்டார் வருகிறது. வண்டியை நிறுத்தி, இறங்கி, ஓரம் கட்டி, அது தாண்டும் வரை நிற்க வேண்டும். கிராணி நடந்து வந்தாலும் இதே மரியாதை. பாதை அகலத்துக்கும் இதற்கும் எந்தத் தொடர்பும் இல்லை. அந்த வாய்க்காலை வெட்டியவனுக்கும், அந்தச் செம்மண்ணைக் கொட்டியவனுக்கும், அந்தப் பாதை தன்னுடையது அல்ல என்று ஒவ்வொரு நாளும் உடம்பு வழியாகச் சொல்லிக்கொடுக்கும் பாடம் அது. கூலி உயர்வோடு சேர்த்து இதையும் ஒரு கோரிக்கையாக எழுதியவர்கள் தங்கள் நிலைமையை மிகத் துல்லியமாகப் புரிந்துகொண்டிருந்தார்கள் என்றே நான் கருதுகிறேன்.

இரண்டாவது கோரிக்கை தோட்டத்து வாயிலைப் பற்றியது. அரசாங்கச் சடக்கு தோட்டத்து வாயிலோடு நின்றுவிடும். அதற்கு உள்ளே கம்பெனியின் நிலம். யார் வரலாம், யார் வரக்கூடாது என்பது மேனேஜரின் விருப்பம். அடுத்த தோட்டத்தில் கட்டிக்கொடுத்த மகளைப் பார்க்க வரும் தாய்கூட அத்துமீறி நுழைந்தவளாகக் கருதப்படலாம். ஆனால் சாலையும் சைக்கிளும் வந்துவிட்ட பிறகு அந்த மதிலை நெடுநாள் காக்க முடியவில்லை. கிள்ளானில் பேசிய பேச்சு கோல லங்காட் தோட்டங்களுக்கு எட்டியது. ரப்பரைத் துறைமுகத்துக்குக் கொண்டுபோகப் போட்ட சாலை, செய்தியைத் தோட்டத்துக்குள் கொண்டுவந்து சேர்த்தது.

மே மாதம் நாதன் கைது செய்யப்பட்டதும் வேலைநிறுத்தம் பெருந்தீயாகப் பரவியது. சுமார் 20,000 தொழிலாளர்கள் வேலைக்குப் போகவில்லை. சிலாங்கூரில் நெருக்கடி நிலை பிரகடனம் செய்யப்பட்டது. படை இறங்கியது, அதில் இந்தியச் சிப்பாய்களும் இருந்தார்கள். துப்பாக்கிச் சூட்டில் ஐந்து பேர் உயிரிழந்தார்கள். நாதன் நாடு கடத்தப்பட்டார். மலேசியத் தொழிலாளர் வரலாற்றில் கிள்ளான் வேலைநிறுத்தத்துக்கு உரிய இடத்தை ஆய்வாளர்கள் கொடுத்திருக்கிறார்கள். அது நடந்த மண்ணில் அதைச் சொல்லும் பலகை ஒன்றும் என் கண்ணில் பட்டதில்லை.

படையும் முள்வேலியும்

வேலைநிறுத்தம் ஒடுக்கப்பட்டு ஓர் ஆண்டு முடிவதற்குள் ஜப்பானியர் சிலாங்கூரைப் பிடித்தார்கள். அடுத்து வந்தது சயாம் மரண ரயில். மலாயா முழுவதிலுமிருந்து பல்லாயிரக்கணக்கான தோட்டத் தமிழர்கள் அந்த ரயில்பாதை போடும் வேலைக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். மிகப் பலர் திரும்பவில்லை. தோட்டத்திலிருந்து வெளியே போகும் சாலை அந்தக் குடும்பங்களுக்கு என்னவாக இருந்திருக்கும் என்பதை அறிய, இன்னும் உயிரோடிருக்கும் சில முதியவர்களின் நினைவையே நாம் நம்பியிருக்கிறோம்.

1945 செப்டம்பர் 9 அன்று பிரிட்டிஷ் இந்தியப் படைகள் மொரிப் கடற்கரையில் இறங்கின. ஜப்பான் சரணடைந்துவிட்டிருந்ததால் எதிர்ப்பு இல்லை. ஆனால் வண்டிகள் பல சேற்றில் புதைந்து நின்றன. சண்டை நடந்திருந்தால் என்ன ஆகியிருக்குமோ என்று இராணுவ வரலாற்றாசிரியர்கள் இன்றும் விவாதிக்கிறார்கள். கரையில் கால் வைப்பதே இத்தனை பாடு என்றால், இந்தக் கடலோரத்தில் காய்ந்த மேட்டுப் பாதை ஒவ்வொன்றும் எத்தனை அருமையானது என்பது விளங்கும்.

1948இல் தொடங்கிய அவசரகாலம் சாலையின் பயனை மறுபடி மாற்றியது. லங்காட் சதுப்புக் காடுகளில் கம்யூனிஸ்டுப் போராளிகள் மறைந்திருந்தார்கள். சாலையோரங்களில் புதுக்கிராமங்கள் எழுந்தன. கிள்ளான்–பந்திங் சாலையிலுள்ள ஜென்ஜாரோம் அவற்றுள் பெயர் பெற்றது. சிதறிக் கிடந்த தோட்டத்து லயங்களை ஓரிடத்தில் சேர்த்து முள்வேலி போட்டார்கள். விடியற்காலையில் பால்வெட்டுக்குப் போகும் ஆணும் பெண்ணும் வாயிலில் சோதிக்கப்பட்டார்கள். காட்டிலிருப்போருக்குப் போய்ச் சேர்ந்துவிடும் என்று மதியச் சோற்றைக்கூடக் கட்டிக்கொண்டு போக விடவில்லை. 1941இல் தடையற்ற வாயில் கேட்ட மக்களுக்கு, வாயில் இன்னும் இறுகியது.

இரண்டு கணக்கேடுகள்

விடுதலைக்குப் பிறகு மலேசியச் சாலைகள் தெளிவாக வகுக்கப்பட்டன. கூட்டரசுச் சாலைகளுக்கு எண் மட்டும் உண்டு. கிள்ளானிலிருந்து பந்திங், மொரிப் வழியாகக் கடலோரமாகத் தெற்கே போவது 5ஆம் எண் சாலை. பந்திங்கிலிருந்து டெங்கில் வழியாகக் கிழக்கே போவது 31ஆம் எண் சாலை. மாநிலச் சாலைகளின் எண்ணுக்கு முன்னால் மாநிலத்துக்குரிய எழுத்து வரும், சிலாங்கூருக்கு ‘பி’. மாநிலச் சாலைகளைப் பராமரிக்க மத்திய அரசு மாநிலங்களுக்கு ஆண்டுதோறும் மானியம் தர வேண்டும் என்று கூட்டரசு அரசியலமைப்பின் 109ஆம் பிரிவே சொல்கிறது. சாலையின் நீளத்தை வைத்துத்தான் மானியத் தொகை கணக்கிடப்படுகிறது. ஆகவே ஏட்டில் பதிவான ஒவ்வொரு கிலோமீட்டரும் பணம்.

அந்த ஏட்டுக்கு வெளியே கிடந்தவை தோட்டச் சாலைகள். அவை கம்பெனியின் உடைமை. பராமரிப்பும் அவர்களுடைய விருப்பம். பள்ளிக்கூடம், கோயில், ஆயாக்கொட்டகை, இடுகாடு எல்லாம் இந்தத் தனியார் பாதைகளின் மேல்தான் இருந்தன. மாநிலச் சாலையில் குழி விழுந்தால் கேட்பதற்கு ஓர் அலுவலகம் உண்டு. லயத்துப் பாதையில் முழங்கால் அளவு தண்ணீர் நின்றாலும் மேனேஜரிடம்தான் சொல்ல வேண்டும். குடிமக்களுக்கு உரிய பொதுவசதிகள் தோட்டத்து வாயிலுக்கு வெளியே நின்றுவிட்டதற்கு இந்த நிர்வாகப் பிரிவினை ஒரு முக்கியமான காரணம். தமிழர் வறுமையைப் பற்றிப் பேசும்போது கூலியையும் குடியையும் பற்றி நிறையப் பேசுகிறோம். பாதை யாருடைய கணக்கில் இருந்தது என்பதை அந்த அளவு பேசுவதில்லை.

பின்னர் ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. தோட்டங்கள் துண்டாடப்பட்டு விற்கப்பட்டன. தொழிலாளர் தோட்டங்களைத் தாங்களே வாங்க வழிசெய்யத் துன் வீ.தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். அப்படியும் பெரும்பாலான குடும்பங்கள் லயத்தை விட்டு பந்திங், தெலுக் டத்தோ, கிள்ளான் என்று வெளியேறின. தோட்டம் காலியானது, பெயர் மட்டும் பள்ளிகளில் தங்கியது. சுங்கை செடு, ஜுக்ரா தோட்டம், கேரித் தீவு என்று தமிழ்ப் பள்ளிகளின் பெயர்களை வரிசையாக எழுதினாலே பழைய தோட்ட வரைபடம் பாதி கிடைத்துவிடுகிறது.

இப்போது இந்த மாவட்டத்தின் மேல் புதிய சாலைகள் விழுகின்றன. 1998இல் அண்டை மாவட்டமான சிப்பாங்கில் பன்னாட்டு விமான நிலையம் திறக்கப்பட்டது. தென் கிள்ளான் பள்ளத்தாக்கு நெடுஞ்சாலை தெலுக் பங்ளிமா காராங் வழியாகப் போகிறது. பந்திங்கில் தொடங்கித் தைப்பிங் வரை செல்லும் மேற்குக் கரை விரைவுச்சாலை 200 கிலோமீட்டருக்கும் மேல் நீளமானது. நெடுஞ்சாலை வரும் இடத்தில் வீடமைப்பு வரும். வீடமைப்பு வரும் இடத்தில் பழைய வாய்க்காலும் வரப்பும் லயத்து அடித்தளமும் ஒரே வாரத்தில் மறையும்.

செய்ய வேண்டியவை

ஜுக்ராவில் அரச நினைவிடங்களைப் பாதுகாத்தது நல்ல செயல். பழைய சிறைக்கட்டடத்தை அருங்காட்சியகமாக்கியதும் பாராட்டத் தக்கது. அந்தக் காட்சிக்கூடங்களில் தோட்டத் தொழிலாளிக்கும் ஒரு சுவர் கிடைக்க வேண்டும். அரண்மனைக்குப் போகும் சாலை எந்த மண்ணின் மேல், யாருடைய உழைப்பால் நிற்கிறது என்பதும் அதே மாவட்டத்தின் மரபுதான்.

இதற்குப் பெரிய நிதி தேவையில்லை. கோல லங்காட் நகராண்மைக் கழகம் புதிய வீடமைப்புகளின் சாலைகளுக்குப் பெயர் வைக்கும்போது, அந்த நிலத்தில் இருந்த தோட்டத்தின் பெயரையும் டிவிஷன் பெயரையும் தக்கவைக்கலாம். வட்டாரத் தமிழ்ப் பள்ளிகள், தங்கள் மாணவர்களின் தாத்தா பாட்டியிடம் ஓர் எளிய வினாத்தாளைக் கொடுத்துத் தொடங்கலாம்: லயம் எங்கே இருந்தது, எத்தனையாவது கட்டையில் (மைல்கல்லில்) பேருந்துக்கு நின்றீர்கள், முதல் சைக்கிள் எப்போது வாங்கினீர்கள், தோட்டத்து வாயிலில் யார் தடுத்தார்கள்? அந்த விடைகளைப் பழைய நில அளவை வரைபடத்தின் மேல் குறித்தால், எந்தக் கம்பெனி ஆவணத்திலும் இல்லாத ஒரு வரைபடம் உருவாகும். பல்கலைக்கழகங்களின் இந்திய ஆய்வியல் துறைகள் அதற்கு முறைமையும் பயிற்சியும் தரலாம்.

1941இல் சைக்கிளை விட்டு இறங்க மறுத்தவர்கள் கேட்டது பொதுச் சாலையில் பொது மனிதராகப் போகும் உரிமை. அந்த உரிமையை இன்று எல்லாரும் அனுபவிக்கிறோம்; அதைக் கேட்டவர்களின் கதையைப் பதிவு செய்யும் கடமை மட்டும் பாக்கி நிற்கிறது. அவர்களின் பிள்ளைகளே எண்பது வயதைத் தாண்டிவிட்டார்கள் என்பதால், இந்தப் பணியை அடுத்த தலைமுறைக்கு விட்டுவைக்க முடியாது.